பெர்ட் கெம்ப்ஃபர்ட்: பாட்டு எல்லாருக்கும் தெரிகிறது, ஆளை யாருக்கும் தெரியவில்லையே, ஏன்?

இரவல்காது எழுதியது:

ஒரு வாரமாக மண்டையைக் குடைகிற விஷயம், இங்கே கேட்டுவிடலாம் என்று வந்தேன். பழைய ஆங்கிலப் பாட்டுகளாகச் சேர்த்து ஒரு பட்டியல் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தேன். சினாட்ராவின் 'ஸ்ட்ரேஞ்சர்ஸ் இன் த நைட்', நாட் கிங் கோலின் 'எல்-ஓ-வி-ஈ', அல் மார்ட்டினோவின் 'ஸ்பானிஷ் ஐஸ்', வேய்ன் நியூட்டனின் 'டாங்கெ ஷேன்'. நாலு பாடகர், நாலு விதமான குரல். இசை யார் என்று சும்மா பார்த்தால் நாலுக்கும் ஒரே பெயர், பெர்ட் கெம்ப்ஃபர்ட். அமெரிக்கர் என்றுதான் நினைத்தேன், தேடினால் ஹாம்பர்க்காரர் என்று வருகிறது!

இத்தனை பாட்டுப் போட்டவர் பெயரை நான் ஏன் ஒரு தடவைகூடக் கேள்விப்படவில்லை என்பதுதான் முதல் கேள்வி. ஹாம்பர்க்கில் உட்கார்ந்திருந்த மனிதரின் மெட்டு சினாட்ரா கைக்கு எப்படிப் போனது, ஆங்கில வரிகளையும் அவரே எழுதினாரா என்பது அடுத்தது. அப்புறம், பீட்டில்ஸை முதலில் ஒப்பந்தம் செய்தவரே இவர்தான், விவரம் புரியாமல் கைநழுவ விட்டுவிட்டார் என்று ஒரு இடத்தில் கேலியாக எழுதியிருந்தார்கள். 'ஸ்ட்ரேஞ்சர்ஸ்' மெட்டே திருட்டு என்று இன்னொருவர். எதை நம்புவது? தெரிந்தவர்கள் கொஞ்சம் விவரமாகச் சொன்னால் நல்லது, எனக்கு அவசரம் ஒன்றும் இல்லை.

தட்டுக்காரன் பதில்:

நல்ல கேள்வி, எனக்குப் பிடித்த ஆளும்கூட, அதனால் கொஞ்சம் நீளமாகத்தான் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1923இல் ஹாம்பர்க்கின் பார்ம்பெக் பகுதியில் பிறந்தவர். இசைப் பள்ளியில் படித்தார். பியானோ, கிளாரினெட், சாக்ஸஃபோன், அக்கார்டியன் என்று கையில் கிடைத்ததை எல்லாம் வாசித்த ரகம். போர்க்காலத்தில் ஜெர்மன் கடற்படையின் இசைக்குழுவில் சேர்த்துவிட்டார்கள், போர் முடியும்போது டென்மார்க்கில் கைதி. வெளியே வந்ததும் ஜெயித்த நாட்டு ராணுவக்காரர்களின் கிளப்புகளில் வாசித்துப் பிழைப்பு. இந்தக் கட்டத்தைச் சும்மா தாண்டிவிடாதீர்கள், விஷயமே இங்கேதான் இருக்கிறது. எதிரில் உட்கார்ந்திருப்பவன் அமெரிக்கச் சிப்பாயோ பிரிட்டிஷ் அதிகாரியோ, அவனுக்கு ஜெர்மன் பாட்டு வேண்டாம், ஸ்விங் என்கிற ஆட்ட ஜாஸ் வேண்டும், தன் ஊர்ப் பாட்டு வேண்டும். அவன் கால் எந்த இடத்தில் தாளம் போடத் தொடங்குகிறது என்பதை வருஷக்கணக்கில் மேடையில் இருந்து பார்த்தவருக்கு, நியூயார்க்கில் எது எடுபடும் என்று யாரும் தனியாகச் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

பிறகு பாலிடோர் என்ற இசைத்தட்டுக் கம்பெனியில் வேலை. மற்றவர்களுக்கு இசைக்கோர்ப்பு செய்வது, தயாரிப்பது. ஃப்ரெடி க்வின், ஈவோ ரோபிச் போன்ற பாடகர்கள் எல்லாம் அவர் கைக்குள் வந்து போனவர்கள். ரோபிச் பாடிய 'மோர்கன்' 1959இல் ஜெர்மன் மொழியிலேயே அமெரிக்க ஹிட் பாட்டுப் பட்டியலில் ஏறியது, அந்தக் காலத்துக்கு அது சாதாரண விஷயம் இல்லை.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். மெட்டு எப்படிப் போனது? மில்ட் கேப்ளர் என்று ஒருவர். நியூயார்க்கில் டெக்கா கம்பெனித் தயாரிப்பாளர், சின்ன ஆள் இல்லை. பில்லி ஹாலிடே பாடிய 'ஸ்ட்ரேஞ்ச் ஃப்ரூட்'டை 1939இல் பதிவு செய்தவர், 'ராக் அரவுண்ட் த க்ளாக்'கைத் தயாரித்ததும் அவரே. கெம்ப்ஃபர்ட் 1959இல் 'வுண்டர்லாண்ட் பை நாஹ்ட்' என்று டிரம்பெட்டை முன்னால் வைத்து ஒரு இசைத்தட்டு போட்டார், வாசித்தது சார்லி டாபோர். சொந்த ஊர் கம்பெனி அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, கேப்ளர் கையில் போய்ச் சேர்ந்தது, அவர் அமெரிக்காவில் வெளியிட்டார். 1961 ஜனவரியில் பில்போர்டு பட்டியலில் முதலிடம், மூன்று வாரம். அந்த இடத்தில் இருந்து யாரை இறக்கிவிட்டு ஏறியது தெரியுமா? எல்விஸ் பிரெஸ்லியை. வார்த்தையே இல்லாத ஒரு ஜெர்மன் டிரம்பெட் தட்டு!

அதற்குப் பிறகு இது ஒரு பாதையாகவே ஆகிவிட்டது. ஹாம்பர்க்கில் வெறும் வாத்திய இசையாக மெட்டு பிறக்கும், நியூயார்க்கில் யாராவது வார்த்தை போடுவார்கள், அமெரிக்கப் பாடகர் பாடுவார். ஆங்கில வரிகள் அவருடையவை அல்ல. 'எல்-ஓ-வி-ஈ'க்கும் 'டாங்கெ ஷேன்'னுக்கும் ஆங்கிலத்தில் எழுதியது அதே கேப்ளர். 'ஸ்பானிஷ் ஐஸ்', 'ஸ்ட்ரேஞ்சர்ஸ்' இரண்டும் சார்ல்ஸ் சிங்கிள்டன், எடி ஸ்னைடர் ஜோடி. வேடிக்கை என்னவென்றால் 'ஸ்பானிஷ் ஐஸ்' முதலில் 'மூன் ஓவர் நேப்பிள்ஸ்', அதாவது மெட்டு பிறந்தபோது அது இத்தாலி நிலா, வார்த்தை வந்ததும் ஸ்பெயின் கண். மெட்டுக்கு எந்த நாட்டுச் சட்டையைப் போட்டாலும் பொருந்துகிறது. கடைசியில் அதைப் பாடிப் பெயர் வாங்கியவரோ இத்தாலிய அமெரிக்கர்.

பெயர் ஏன் தெரியவில்லை என்பதற்கு என் பதிலும் இதிலேயே இருக்கிறது. பாட்டு நம் காதுக்கு வரும்போது பாடகர் முகத்தோடு வருகிறது. கெம்ப்ஃபர்ட் பாடவில்லை. பெரும்பாலும் ஸ்டுடியோவிலேயே இருந்தார், தன் பெரிய வாத்தியக் குழுவோடு மேடைக் கச்சேரிக்குக் கிளம்பியதே 1974இல், ஐம்பது வயதில். லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் வாசித்த பதிவு இருக்கிறது, கிடைத்தால் கேளுங்கள். 1980 ஜூனில் ஸ்பெயினின் மயோர்க்கா தீவில் இறந்துவிட்டார், 56 வயதுதான்.

ஓரக்குறிப்பு பதில்:

தட்டுக்காரன் அண்ணா எழுதியதில் குறை சொல்ல ஒன்றும் இல்லை, ஆனால் படிப்பவர்கள் தவறாக எடுத்துக்கொள்ளக்கூடிய இடம் ஒன்று இருக்கிறது. 'வுண்டர்லாண்ட் பை நாஹ்ட்' கெம்ப்ஃபர்ட் போட்ட மெட்டு இல்லை. மெட்டு க்ளவுஸ் குண்டர் நோய்மன் என்பவருடையது. கெம்ப்ஃபர்ட் செய்தது இசைக்கோர்ப்பும் பதிவும். அவரை உலகத்துக்குக் காட்டிய தட்டே அவர் மெட்டு இல்லை என்பதைப் பலர் கவனிப்பதில்லை. 'மோர்கன்' மெட்டும் பேட்டர் மோஸருடையது.

'வுடன் ஹார்ட்' கதையும் இப்படித்தான். எல்விஸ் 1960இல் 'ஜி.ஐ. ப்ளூஸ்' படத்தில் பாடியது. உரிமைப் பட்டியலில் கெம்ப்ஃபர்ட் பெயரோடு இன்னும் மூன்று பேர், ஆனால் அடிப்படை மெட்டு 'முஸ் இ டென்' என்ற பழைய தென்மேற்கு ஜெர்மன் (ஸ்வாபியன்) நாட்டுப்பாட்டு, ஊரை விட்டுக் கிளம்புகிறவன் காதலியிடம் விடைபெறுகிற பாட்டு. எல்விஸ் அப்போதுதான் ஜெர்மனியில் ராணுவ சேவை முடித்துத் திரும்பியிருந்தார், படமும் அங்கே இருக்கும் அமெரிக்கச் சிப்பாய் பற்றியது, அதனால் பாட்டு நடுவில் ஜெர்மன் வரிகள் வந்தபோது யாருக்கும் உறுத்தவில்லை. பிரிட்டனில் ஆறு வாரம் முதலிடம். அமெரிக்காவில் எல்விஸ் பதிப்பைத் தனித் தட்டாக வெளியிடாமல் விட்டார்கள், அந்த இடைவெளியில் ஜோ டவல் என்ற புதுப் பையன் அதையே பாடி 1961இல் முதலிடத்துக்குப் போய்விட்டார்.

இதைச் சொல்வது அவரைக் குறைக்க இல்லை. மெட்டுப் போடுவது ஒரு திறமை, அடுத்தவர் மெட்டு எந்த வாத்தியத்தில் எந்த வேகத்தில் வந்தால் உயிர் வரும் என்று தெரிவது வேறு திறமை, இவருக்கு இரண்டாவதுதான் முதலில் கைவந்தது, மெட்டுக்காரர் என்ற பெயர் அப்புறம்தான். இரண்டையும் கலந்து "எல்லாமே அவர் போட்டது" என்று எழுதிவிடுகிறார்கள், அது எனக்கு எரிச்சல்.

தட்டுக்காரன் பதில்:

சரிதான், ஒத்துக்கொள்கிறேன். 'தட்டு போட்டார்' என்று எழுதும்போது இந்தக் குழப்பம் வரும் என்று யோசிக்கவில்லை.

எல்பேக்கரை பதில்:

பீட்டில்ஸ் விஷயத்தை நான் எடுத்துக்கொள்கிறேன், நான் இருப்பது ஹாம்பர்க்கில், அந்த இடத்தைப் போய்ப் பார்த்தும் இருக்கிறேன்.

1961இல் பீட்டில்ஸ் இங்கே ரீப்பர்பான் பக்கம் 'டாப் டென்' கிளப்பில் டோனி ஷெரிடன் என்ற பாடகருக்குப் பின்னால் வாசித்துக்கொண்டிருந்தார்கள். கெம்ப்ஃபர்ட் கவனித்ததும் முதலில் ஷெரிடனைத்தான், கூட வாசித்த பையன்கள் கூட வந்தவர்கள். ஜூன் மாதம் பதிவு நடந்தது. பாலிடோர் என்றதும் பளபளப்பான ஸ்டுடியோ என்று நினைத்துவிடாதீர்கள், ஹார்பர்க்கில் ஒரு பள்ளிக்கூடத்தோடு சேர்ந்த ஃப்ரீட்ரிஷ் எபர்ட் அரங்கம் அது. எல்பே ஆற்றைத் தாண்டித் தெற்கே போக வேண்டும். வெளியே இருந்து பார்த்தால் ஆண்டு விழா நடக்கிற கட்டிடம் மாதிரிதான் இருக்கிறது, உள்ளே ஒலி நன்றாக எழும்பும் என்பதால் பதிவுக்குப் பயன்படுத்தினார்கள். அங்கேதான் 'மை பானி' பதிவானது. ரிங்கோ இன்னும் வரவில்லை, டிரம்ஸ் பீட் பெஸ்ட். ஷெரிடன் பின்னால் வாசித்ததோடு நிற்காமல் லெனனைப் பாடவைத்து ஒரு பாட்டும், லெனனும் ஹாரிசனும் சேர்ந்து போட்ட 'க்ரை ஃபார் எ ஷேடோ' என்ற வாத்திய இசையும் கெம்ப்ஃபர்ட் பதிவு செய்தார். பேர் தெரியாத பக்கவாத்தியப் பையன்களுக்கு இவ்வளவு இடம் கொடுத்தவரை விவரம் புரியாதவர் என்று எப்படிச் சொல்வது?

தட்டு வெளிவந்தபோது 'டோனி ஷெரிடன் அண்ட் த பீட் பிரதர்ஸ்' என்று போட்டார்கள். 'பீட்டில்ஸ்' என்ற பெயர் இங்குள்ள கொச்சை மொழியில் கொஞ்சம் அசிங்கமான சொல் மாதிரி ஒலிக்கும் என்பதுதான் காரணம் என்று பரவலாகச் சொல்வார்கள், அது என்ன சொல் என்று கேட்காதீர்கள்.

ஒப்பந்தத்தை ஏன் விட்டார்? 1962 தொடக்கத்தில் பீட்டில்ஸின் மேலாளர் பிரையன் எப்ஸ்டீன் கடிதம் எழுதி விடுவிக்கச் சொல்லிக் கேட்டார். கெம்ப்ஃபர்ட் முரண்டு பிடிக்கவில்லை, பேரமும் பேசவில்லை, அடுத்த தடவை ஹாம்பர்க் வரும்போது இன்னொரு பதிவுக்கு வந்துவிட்டுப் போகட்டும் என்றார், மே மாதம் அதுவும் நடந்தது. அவ்வளவுதான். அவர் வியாபாரம் வேறு, அவர் காது பழகிய சங்கீதம் வேறு, நாலு கிட்டார் பையன்களைக் கட்டி வைத்து என்ன செய்வார்? ஒரு வேளை முரண்டு பிடித்திருந்தால், அந்த ஜூனில் அவர்கள் லண்டனில் இஎம்ஐ இசைத்தட்டுக் கம்பெனிக்குப் போயிருக்கவே முடியாது. கேலி செய்கிறவர்கள் இந்தப் பக்கத்தை யோசிப்பதில்லை.

பார்ம்பெக்கில் தொழிலாளர் அருங்காட்சியகத்தை ஒட்டி 'பெர்ட் கெம்ப்ஃபர்ட் ப்ளாட்ஸ்' என்று ஒரு சதுக்கம் இருக்கிறது. நான் வேலை மாறி வந்த புதிதில் தினமும் அதைக் கடந்துதான் நடப்பேன், யாரோ அரசியல்வாதி போல என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் பக்கத்தில் நின்ற ஒரு பாட்டியம்மாவிடம் கேட்டேன், அவர் பதில் சொல்லவில்லை, 'ஸ்ட்ரேஞ்சர்ஸ்' கடைசியில் வருகிற அந்த டூ-பி-டூ-பி-டூவை முணுமுணுத்துவிட்டுப் போய்விட்டார். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது.

ஓரக்குறிப்பு பதில்:

நல்ல சம்பவம், ஆனால் பாருங்கள், அந்த டூ-பி-டூவும் கெம்ப்ஃபர்ட் போட்டது இல்லை, பாட்டு தேய்ந்து மறையும்போது சினாட்ரா வாய்க்கு வந்தபடி பாடியது! கோபித்துக்கொள்ளாதீர்கள், நிறுத்திக்கொள்கிறேன்.

'ஸ்ட்ரேஞ்சர்ஸ்' திருட்டா என்று கேட்டிருந்தீர்கள். 1966இல் 'எ மேன் குட் கெட் கில்ட்' என்ற ஹாலிவுட் படத்துக்கு கெம்ப்ஃபர்ட் இசையமைத்தார், படம் போன இடம் தெரியவில்லை, அதில் வந்த ஒரு மெட்டுத்தான் இது. அப்போது அதன் பெயர் 'பெட்டி பை'. வரிகள் பிறகு வந்தன. சினாட்ரா ஏப்ரல் 11ஆம் தேதி பாடினார், அவசரம் அவசரமாக, ஏனென்றால் ஜாக் ஜோன்ஸ் பாடிய பதிப்பு வெளிவரத் தயாராக இருந்தது, முந்திக்கொள்ள வேண்டும். பாட்டின் நடுவில் சுருதி அரை ஸ்வரம் மேலே ஏறும், கவனித்திருப்பீர்கள். அந்தத் தாவலைப் பிடிக்க சினாட்ராவே தடுமாறினார் என்று தயாரிப்பாளர் ஜிம்மி பொவன் பின்னாளில் சொல்லியிருக்கிறார். ஜூலையில் அமெரிக்காவில் முதலிடம், பிரிட்டனிலும் முதலிடம். சினாட்ராவுக்கு கிராமி, மெட்டுக்கு கோல்டன் குளோப். சினாட்ராவுக்கு இந்தப் பாட்டு சுத்தமாகப் பிடிக்காது என்பதும் ஊரறிந்த விஷயம், மேடையிலேயே திட்டியிருக்கிறார், ஆனாலும் பாடாமல் தப்ப முடியவில்லை.

பாட்டு இவ்வளவு சம்பாதித்ததும் உரிமை கேட்டு ஆட்கள் வந்தார்கள். அதில் நீதிமன்றம் வரை போனவர் பிரெஞ்சு இசையமைப்பாளர் ஃபிலிப் ஜெரார், 1953இல் வெளிவந்த தன் 'மேஜிக் டேங்கோ'வில் இருந்து எடுத்தது என்றார். வழக்கு ஓடிய வருஷங்களில் பாட்டின் பணம் முடக்கப்பட்டது. 1971இல் பாரிஸ் நீதிமன்றம் திருட்டு இல்லை என்று தீர்ப்பு சொன்னது. இந்த மாதிரிப் பாட்டுகளுக்குப் பொதுவான அம்சங்கள் பல பாட்டுகளில் இருக்கும் என்பது அவர்கள் பார்வை. ஏவோ உவேசியான், பின்னாளில் சுருட்டு வியாபாரத்தில் பெயர் எடுத்தவர், அவரும் மெட்டு தன்னுடையது என்று கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார், ஆனால் எழுதப்பட்டிருப்பது கெம்ப்ஃபர்ட் பெயர்தான். என் கருத்து: மெட்டு ரொம்ப எளிமையானது. ஒரு சின்னத் துண்டு, அதே தாளக்கட்டு, வரிக்கு வரி கொஞ்சம் இடம் மாறுகிறது, அவ்வளவே. இவ்வளவு எளிமையாக இருந்தால் நாலு பேருக்கு 'இது நம்முடையது மாதிரி இருக்கிறதே' என்று தோன்றத்தான் செய்யும்.

கீழ்தந்தி பதில்:

நான் பேஸ் கிட்டார் வாசிக்கிறவன், பாட்டெழுதியவர் கதையைவிட எனக்கு அவர் குழுவின் சத்தம்தான் பெரிது, யாரும் அதைத் தொடவே இல்லையே. 1962இல் வந்த 'எ ஸ்விங்கிங் சஃபாரி'யை எடுத்துக்கொள்ளுங்கள். தென்னாப்பிரிக்காவின் க்வேலா, அதாவது தெருவில் தகரக் குழல் வாசிப்பார்களே அந்த இசை, அதைக் கேட்டு மயங்கிப் போட்டது. மேலே புல்லாங்குழல்கள் துள்ளும், எல்லாரும் அதைத்தான் கேட்பார்கள். கீழே கேளுங்கள். டக் டக் டக் என்று ஒரு உலர்ந்த சத்தம் வருகிறதா? ஜெர்மன்காரர்கள் இதற்கு 'க்னாக் பாஸ்' என்று பெயரே வைத்திருக்கிறார்கள். வாசித்தவர் லாடி கைஸ்லர், ப்ராக்கில் பிறந்து ஹாம்பர்க் வந்தவர். பேஸ் கிட்டாரைப் பிளெக்ட்ரம் என்கிற சின்னத் தகட்டால் அடித்து, தந்தியை உடனே அமுக்கி, ஒலி நீளாமல் வெட்டிவிடுவார். கூடவே நிமிர்த்தி நின்றபடி வாசிக்கிற பெரிய பேஸும் போகும், ஒன்று உடம்பு, இன்னொன்று விளிம்பு. வயலின்கள், கோரஸ், டிரம்பெட் எல்லாம் பஞ்சு மாதிரி மிதக்கும்போது இது ஒன்றுதான் ஆணி அடித்து நிறுத்துகிறது. இதை எடுத்துவிட்டால் லிஃப்டில் ஓடுகிற இசை, இருந்தால் கால் ஆடும்.

நான் இதை வாசித்துப் பார்க்க ஒரு மாதம் போராடினேன். அடிப்பது கஷ்டம் இல்லை, அமுக்குவதுதான். கொஞ்சம் சீக்கிரம் அமுக்கினால் ஸ்வரமே கேட்காது, கொஞ்சம் தாமதித்தால் சாதாரண பேஸ்.

இரவல்காது எழுதியது:

எல்லாருக்கும் நன்றி, இவ்வளவு வரும் என்று எதிர்பார்க்கவில்லை. கீழ்தந்தி சொன்னபடி ராத்திரி ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு 'சஃபாரி'யைக் கேட்டேன். முதல் தடவை ஒன்றும் பிடிபடவில்லை, புல்லாங்குழல்தான் காதை அடைத்தது. நாலாவது தடவையில் அந்த டக் டக் கேட்டது, அதற்கப்புறம் வேறு எதுவும் கேட்கவே மாட்டேன் என்கிறது, இது என்ன வியாதியோ. ஒரு சந்தேகம் மட்டும்: அமெரிக்காவில் பில்லி வான் பதிப்பும் இருக்கிறது, அதில் இந்தச் சத்தம் எனக்கு அப்படிக் கேட்கவில்லை. என் காதுக் கோளாறா?

கீழ்தந்தி பதில்:

காது சரியாகத்தான் இருக்கிறது. மெட்டை யார் வேண்டுமானாலும் எடுத்து வாசிக்கலாம், கைஸ்லர் ஹாம்பர்க்கில்தானே இருந்தார்.